‘முதல்’ பட்டியலில் இல்லாதவை

பொது அறிவு நூல் எதையேனும் எடுத்துப் புரட்டுங்கள். ‘விண்வெளியில் முதன் முதலாக’ என்ற தலைப்பில் ஓர் அட்டவணை தவறாமல் இருக்கும். முதல் செயற்கைக் கோள், ஸ்புட்னிக், 1957. முதல் விண்வெளி மனிதர், யூரி ககாரின், 1961. முதல் பெண், வாலன்டினா தெரஷ்கோவா, 1963. மூவர் ஒன்றாகச் சென்ற முதல் கலம், வோஸ்கோத் 1, 1964. விண்வெளியில் நடந்த முதல் மனிதர், அலெக்சி லியோனவ், 1965. நிலவில் கால் வைத்த முதல் மனிதர், நீல் ஆம்ஸ்டிராங், 1969. ஐந்து வரிகள் சோவியத் யூனியனுக்கு. ஒரு வரி அமெரிக்காவுக்கு. அந்த ஒரு வரி மற்ற ஐந்தையும் விழுங்கிவிட்டது என்று முடிவு கட்டிவிட்டு, படிப்பவர் அடுத்த பக்கத்துக்குப் போய்விடுகிறார்.

நூலை விமரிசிக்கலாம், திரைப்படத்தை விமரிசிக்கலாம். ஓர் அட்டவணையை விமரிசிக்க முடியுமா என்று கேட்கலாம். முடியும். அட்டவணையும் ஒரு கதைதான். எதை வரியாக எழுதுவது, எதை விட்டுவிடுவது என்று யாரோ ஒருவர் முடிவு செய்திருக்கிறார். இந்த அட்டவணையை வரைந்தவர்கள் அறிவியலாளர்கள் அல்லர். மாஸ்கோவிலும் வாஷிங்டனிலும் இருந்த விளம்பரத் துறையினரும், அவர்கள் தந்த செய்தியைத் தலைப்பாக்கிய நாளேடுகளும்தான் அதை வரைந்தார்கள். நாமும் அதை வாங்கி மனப்பாடம் செய்துகொண்டோம். அதில் உள்ள வரிகள் பெரும்பாலும் உண்மையே. என்னுடைய குறை வேறு. எந்தப் பயணம் விண்வெளி அறிவை ஓர் அடி முன்னே நகர்த்தியது, எது வெறும் பெயருக்காகச் செய்யப்பட்டது என்பதை இந்த அட்டவணை கடைசி வரை சொல்வதில்லை.

முதல் வரியிலேயே தொடங்கலாம். 1957 அக்டோபர் 4 அன்று மேலே சென்ற ஸ்புட்னிக் 83.6 கிலோ எடையுள்ளது. நான்கு மாதம் கழித்து, 1958 ஜனவரி 31 அன்று அமெரிக்கா அனுப்பிய எக்ஸ்புளோரர் ஏறத்தாழ 14 கிலோதான். சோவியத் அறிவியல் அமெரிக்க அறிவியலைவிட ஆறு மடங்கு முன்னேறிவிட்டது என்று அன்று பலர் எண்ணினார்கள். உண்மைக் காரணம் வேறு, சற்றுக் கசப்பானதும் கூட. ஸ்புட்னிக்கை ஏற்றிச் சென்ற ஆர்-7 ராக்கெட்டு, ஹைட்ரஜன் குண்டைச் சுமந்துகொண்டு கண்டம் விட்டுக் கண்டம் பாய்வதற்காக உருவானது. சோவியத்தின் குண்டு மிகக் கனமானது. ஆகவே ராக்கெட்டும் பெரிதாக அமைந்தது. அமெரிக்கர்கள் குண்டைச் சிறிதாக்கக் கற்றுக் கொண்டிருந்தார்கள்; அவர்களுக்குச் சிறிய ராக்கெட்டே போதும் என்றாயிற்று. குண்டு செய்வதில் பின்தங்கியவருக்கு விண்வெளியில் முந்தும் வாய்ப்பு அமைந்தது என்று சொன்னால் அது வேடிக்கைப் பேச்சு அல்ல. 1961இல் ககாரின் அமர்ந்து சென்ற வோஸ்தோக் 4,725 கிலோ எடையுள்ளதாகவும், அமெரிக்கரின் மெர்க்குரி கலம் ஏறத்தாழ 1,360 கிலோவாகவும் இருந்ததற்கும் இதுவே அடிப்படை.

ஓர் ஆண்டு, இரண்டு நாடுகள், ஒரே எச்சரிக்கை

ககாரினின் வரியில் ஐயத்துக்கு இடமில்லை. 1961 ஏப்ரல் 12 அன்று அவர் பூமியை ஒருமுறை வலம் வந்து, 108 நிமிடங்களில் திரும்பினார். ஆனால் அந்தச் சாதனை பதிவான விதத்தில் ஒரு பொய் கலந்திருந்தது. வோஸ்தோக்கின் உருண்டை வடிவக் கூண்டு தரையில் இறங்கும் வேகம் உள்ளே இருப்பவரைக் காயப்படுத்திவிடக் கூடியது. ஆகவே ஏறக்குறைய 7 கிலோ மீட்டர் உயரத்தில் அவர் இருக்கையோடு வெளியே தூக்கி எறியப்பட்டு, தனிப் பாராசூட்டில் இறங்கினார். திட்டமே அதுதான், அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. ஆயினும் சாதனைகளைப் பதிவு செய்யும் உலக வானூர்திக் கூட்டமைப்பின் விதியோ, விமானி தம் ஊர்தியோடு சேர்ந்தே தரையிறங்க வேண்டும் என்றது. விமானங்களுக்காக எழுதிய விதி அது. விதி பொருந்தாது என்று வாதாடியிருக்கலாம். அதற்குப் பதில், கலத்துக்குள் இருந்தபடியே இறங்கினார் என்று சோவியத் தரப்பு எழுதிக் கொடுத்தது. அதே ஆண்டு ஆகஸ்டில் 17 சுற்றுகள் சுற்றிவந்த கெர்மன் தித்தோவ், தாம் பாராசூட்டில் இறங்கியதை வெளிப்படையாகச் சொல்லிவிட்டார். கூட்டமைப்பு பின்னர் விதியைத் திருத்திக்கொண்டது. ககாரினின் பெருமை அணுவளவும் குறையவில்லை. குறையாத ஒன்றைக் காக்க ஒரு பொய் எதற்கு?

இன்னொன்றையும் அன்று மறைத்தார்கள். திரும்பும்போது வோஸ்தோக்கின் எந்திரப் பகுதி கூண்டிலிருந்து முழுமையாகப் பிரியவில்லை. சில கம்பிகள் இரண்டையும் பிணைத்துக்கொண்டிருந்தன. இரண்டும் சேர்ந்து சுழன்றபடி விழுந்தன. காற்று மண்டலத்தின் சூட்டில் கம்பிகள் எரிந்து அறுந்த பிறகே கூண்டு தன் நிலைக்கு வந்தது. அதற்குள் ஏறக்குறைய பத்து நிமிடம் கழிந்துவிட்டது. ககாரின் அந்தப் பத்து நிமிடமும் பதறாமல் இருந்தார். அவருடைய துணிவுக்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை. ஆனால் பல பத்தாண்டுகள் இது வெளியே வரவில்லை. குறையே இல்லாத கலம் என்ற கதைக்காக, வீரரின் வீரத்தையே மறைத்து வைத்தார்கள்.

இனி, அட்டவணையில் ஒருபோதும் இடம்பெறாத ஒரு தேதி: 1961 மார்ச் 24. ககாரின் பறப்பதற்கு 19 நாட்கள் முன்பு. அன்று அமெரிக்காவின் ரெட்ஸ்டோன் ராக்கெட்டு ஆளில்லாமல் ஒரு சோதனைப் பயணம் சென்று பழுதின்றி முடிந்தது. அதற்கு முன், ஜனவரி 31 அன்று ஹாம் என்ற சிம்பன்சிக் குரங்கை ஏற்றிச் சென்ற ராக்கெட்டு, திட்டமிட்டதைவிட வேகமாக எரிந்து, குரங்கை மிக உயரத்துக்கும் மிகத் தொலைவுக்கும் கொண்டுபோய்விட்டது. குரங்கு பிழைத்தது. அடுத்து மனிதரை அனுப்பலாமா? இன்னும் ஒரு சோதனை வேண்டும் என்றார் ராக்கெட்டுப் பொறியாளர் வெர்னர் வான் பிரவுன். அந்தக் கூடுதல் சோதனைதான் மார்ச் 24 அன்று நடந்தது. அதில் ஆலன் ஷெப்பர்டை உட்கார வைத்திருந்தால், பூமியை வலம் வராவிட்டாலும், விண்வெளிக்குச் சென்ற முதல் மனிதர் என்ற வரியில் அவர் பெயர் இருந்திருக்கும். ஷெப்பர்டு பறந்தது மே 5 அன்றுதான். 15 நிமிடப் பயணம். அட்டவணையில் இது அமெரிக்காவின் தோல்வி. என் கணக்கில் அந்த ஆண்டின் மிகச் சிறந்த முடிவுகளில் அது ஒன்று.

இதைப் படித்துவிட்டு, அமெரிக்கர் எச்சரிக்கையானவர்கள், ரஷ்யர் முரட்டுத் துணிச்சல்காரர்கள் என்று எண்ணிவிடக் கூடாது. அதே மார்ச் மாதம் 9ஆம் தேதியும் 25ஆம் தேதியும், வோஸ்தோக் கலங்கள் நாயையும் ‘இவான் இவானோவிச்’ என்ற மனித பொம்மையையும் சுமந்து சென்று திரும்பின. அடுத்தடுத்து இரண்டு பயணம் பழுதின்றி முடிந்தால்தான் மனிதருக்கு அனுமதி என்பது அங்கே விதி. கலத்தை உருவாக்கிய தலைமை வடிவமைப்பாளர் செர்கேய் கொரலியோவ் அந்த விதியைக் காத்தார். 1961இல் இரு தரப்பும் கண்ணியமாகவே நடந்துகொண்டன. கெட்டுப் போனது பிறகுதான்.

உதயம் என்ற பெயரில்

வோஸ்கோத் என்றால் ரஷ்ய மொழியில் உதயம். அட்டவணையில் இரண்டு பெருமைக்குரிய வரிகள் இந்தப் பெயரில் இருக்கின்றன. இந்த இரண்டு வரிகளுக்காகவே இக்கட்டுரையை எழுத நினைத்தேன்.

1964ஆம் ஆண்டு. இருவர் செல்லக்கூடிய ஜெமினி என்ற புதுக் கலத்தை அமெரிக்கா உருவாக்கி வந்தது. சோவியத்தின் புதுக் கலமான சோயுஸ் இன்னும் வரைபடத்தில் இருந்தது. இருவருக்கு முன்பாக மூவரை அனுப்பிவிட்டால்? ஒருவருக்காகச் செய்த அதே வோஸ்தோக் உருண்டையில் மூவரை நுழைக்க முடிவாயிற்று. உருண்டை பெரிதாகவில்லை. ஆகவே உள்ளே இருந்தவற்றை எடுத்தார்கள். முதலில், ஆபத்தில் வெளியே தூக்கி எறியும் இருக்கை போயிற்று. பிறகு விண்வெளி உடைகள் போயின. மூவரும் சாதாரணக் கம்பளிச் சட்டையோடு சென்றார்கள். எல்லாரும் இடம் பிடிக்க, இருக்கைகளைப் பழைய நிலையிலிருந்து 90 பாகை திருப்பிப் போட்டார்கள். கருவிப் பலகையை மட்டும் திருப்ப முடியவில்லை. அதைப் பார்க்கக் கழுத்தைத் திருப்ப வேண்டும்.

இதன் பொருள் என்ன? ராக்கெட்டு ஏவும் மேடையிலோ, புறப்பட்ட முதல் சில நொடிகளிலோ வெடித்தால் மூவருக்கும் தப்ப வழியில்லை. மேலே கலத்தில் சிறு ஓட்டை விழுந்து காற்று கசிந்தால் காப்பதற்கு உடையும் இல்லை. 1964 அக்டோபர் 12 அன்று விளாதிமிர் கொமரோவ், கான்ஸ்டன்டின் பியோக்திஸ்தோவ், போரிஸ் யெகோரோவ் ஆகிய மூவரும் சென்றார்கள். ஒரு நாள் சுற்றிவிட்டுப் பத்திரமாக இறங்கினார்கள். கம்பளிச் சட்டையோடு போகும் அளவுக்கு வசதியான கலம் என்று உலக நாளேடுகள் வியந்தன. இல்லாத பாதுகாப்பையே சிறப்பாக எழுதிய விந்தை அது.

நியாயமாகச் சொன்னால், இந்த வரிக்கு இரண்டு நல்ல பக்கங்கள் உண்டு. யெகோரோவ் விண்வெளிக்குச் சென்ற முதல் மருத்துவர். பியோக்திஸ்தோவ் வோஸ்தோக்கின் வடிவமைப்பில் பங்கு கொண்ட பொறியாளர். தாம் குறைத்த பாதுகாப்பில் தாமே ஏறி அமர்ந்தார். அந்த நேர்மையை மதிக்க வேண்டும். மேலும், கலம் தரையைத் தொடும் முன் எரிந்து வேகத்தைத் தணிக்கும் சிறு ராக்கெட்டு இதில்தான் மனிதருடன் முதலில் பயன்பட்டது. பின்னால் வந்த சோயுஸ் கலங்களிலும் இந்த முறை தொடர்ந்தது. அட்டவணையில் எழுதத் தகுந்த ‘முதல்’ இதுதான். ஆனால் அதை எழுதுவார் இல்லை.

அடுத்தது வோஸ்கோத் 2. இந்த முறை இருவர். ஒருவர் வெளியே போக வேண்டும். இங்கே ஒரு தொழில்நுட்பச் சிக்கல். வோஸ்தோக் உருண்டையின் மின்னணுக் கருவிகள் காற்றால் குளிரூட்டப்பட்டவை. கதவைத் திறந்து காற்றை வெளியேற்றிவிட்டால் அவை சூடேறிக் கெட்டுவிடும். ஜெமினியில் அந்தத் தொல்லை இல்லை. அதன் கருவிகள் வெற்றிடத்தையும் தாங்கும், கதவை நேரே திறக்கலாம். ஆகவே சோவியத் பொறியாளர்கள் கலத்தின் வெளியே, காற்றூதி விரிக்கும் குழாய் போன்ற ஓர் அறையைப் பொருத்தினார்கள். அதன் உள் விட்டம் ஏறக்குறைய ஒரு மீட்டர். அதை ஆளில்லாமல் சோதிக்க 1965 பிப்ரவரியில் காஸ்மாஸ் 57 சென்றது. தரையிலிருந்து இரு நிலையங்கள் அனுப்பிய கட்டளைகள் ஒன்றோடொன்று கலந்து, தன்னையே தகர்த்துக்கொள்ளும் ஏற்பாட்டை அவை இயக்கிவிட்டன. சோதனைக் கலம் சிதறிப்போயிற்று. தரையிறங்கும் பகுதி சோதிக்கப்படவே இல்லை. இன்னொரு சோதனைக்குக் கலம் இல்லை, நேரமும் இல்லை. மார்ச் 18 அன்று பாவெல் பெலியாயெவும் லியோனவும் புறப்பட்டார்கள்.

1961 மார்ச்சையும் 1965 மார்ச்சையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். முன்னதில் சோதனை நன்றாக முடியும் வரை மனிதர் காத்திருந்தார். பின்னதில் சோதனை கெட்ட பிறகும் மனிதர் போனார். இடையில் வந்தது அட்டவணை.

லியோனவ் வெளியே இருந்தது 12 நிமிடம் 9 நொடி. வெற்றிடத்தில் அவருடைய உடை, காற்றடைத்த பந்து போல விறைத்தது. விரல்கள் கையுறையின் நுனியை எட்டவில்லை. கால்கள் காலணிக்குள் நிற்கவில்லை. வந்த வழியே குழாய்க்குள் நுழைய முடியாமல், தரைக்குச் சொல்லாமலேயே உடையின் அழுத்தத்தைக் குறைத்தார். மிகக் குறைத்தால், சோடா பாட்டிலைத் திறந்ததும் குமிழி கிளம்புவது போல, இரத்தத்தில் கரைந்துள்ள நைட்ரஜன் குமிழியாகி உயிரைக் குடிக்கும். அதைத் தெரிந்தே செய்தார். பிறகு கால் முன்னே செல்ல வேண்டிய குழாய்க்குள் தலை முன்னே நுழைந்து, அந்த ஒரு மீட்டர் அகலத்துக்குள் உடலை மடக்கித் திரும்பிக் கதவை மூடினார்.

சோதனை அதோடு தீரவில்லை. திரும்பும் வேளையில் கலத்தைத் தானாகத் திசை திருப்பும் அமைப்பு வேலை செய்யவில்லை. பெலியாயெவ் கையால் திருப்ப வேண்டும். ஆனால் 90 பாகை திருப்பிப் போட்ட இருக்கையில் கட்டுண்டு இருப்பவருக்குத் திசை காட்டும் சாளரம் தெரியாது. அவர் இருக்கையை விட்டு எழுந்து குறுக்கே படுத்துக்கொண்டு பார்க்க, லியோனவ் அவரைப் பிடித்துக்கொண்டார். பிறகு இருவரும் இருக்கைக்குத் திரும்பிய பின்பே எந்திரத்தை இயக்க முடிந்தது. இல்லாவிட்டால் கலத்தின் எடை நடுப்புள்ளி மாறிவிடும். அந்தத் தாமதம் ஒரு நிமிடத்துக்கும் குறைவுதான். விண்வெளியில் ஒரு நிமிடம் என்பது நூற்றுக்கணக்கான கிலோ மீட்டர். பெர்ம் பகுதியின் பனிக்காட்டில், குறித்த இடத்துக்கு மிகத் தொலைவில் இறங்கினார்கள். இரண்டு இரவுகள் பனியில் கழிந்தன. பின்பு பனிச்சறுக்குக் கட்டைகளில் நடந்தே வெளியேறினார்கள். அன்றைய செய்திகளில் இதில் எதுவும் இல்லை. மூவரை நுழைப்பதற்காக இருக்கையைத் திருப்பிய முடிவுக்கு, அடுத்த பயணத்தில் இருவர் விலை கொடுத்தார்கள்.

அட்டவணை பார்க்காத பாடங்கள்

லியோனவ் நடந்த ஐந்தாம் நாள், 1965 மார்ச் 23 அன்று, ஜெமினி மனிதரோடு முதன்முறை பறந்தது. அடுத்த இருபது மாதங்களில் பத்து ஜெமினிப் பயணங்கள். அதே காலத்தில் சோவியத் தரப்பில் ஒரு மனிதர்கூட மேலே செல்லவில்லை. 1966 ஜனவரி 14 அன்று கொரலியோவ் அறுவை சிகிச்சையின்போது மறைந்தார். அவர் யார் என்பதே சாவுச் செய்தியில்தான் உலகுக்குத் தெரிந்தது.

ஜெமினியின் பத்துப் பயணங்களும் பொது அறிவு நூல்களில் அரை வரி பெறுவதும் அரிது. ஆனால் நிலவுக்குச் செல்லும் வழியை அவையே திறந்தன. எடுத்துக்காட்டாக, இரு கலங்களின் சந்திப்பு. 1962 ஆகஸ்டில் வோஸ்தோக் 3, வோஸ்தோக் 4 இரண்டும் ஒன்றையொன்று சில கிலோ மீட்டர் தொலைவில் கடந்தன. ‘முதல் கூட்டுப் பயணம்’ என்று அட்டவணையில் ஏறியது. உண்மையில் இரண்டுக்கும் தம் சுற்றுவழியை மாற்றும் ஆற்றலே இல்லை. சரியான நேரத்தில் ஏவியதால் கிட்டே வந்தன. பிறகு விலகிப் போய்விட்டன. இரண்டு பேருந்துகள் எதிர்ப்பட்டதைச் சந்திப்பு என்று சொல்வோமா?

ஜெமினி 4இல் ஜேம்ஸ் மெக்டிவிட் உண்மையான சந்திப்புக்கு முயன்று தோற்றார். தம்மை ஏற்றிவந்த ராக்கெட்டின் வெற்றுக் கூட்டை நோக்கிக் கலத்தைத் திருப்பி, எந்திரத்தை இயக்கினார். நெருங்குவதற்குப் பதில் அது விலகிற்று. சாலையில் முன்னே போகும் வண்டியைப் பிடிக்க வேகத்தைக் கூட்டுவோம். பூமியைச் சுற்றுகையில் வேகத்தைக் கூட்டினால் சுற்றுவழி உயர்ந்துவிடும். உயர்ந்த வழியில் ஒரு சுற்றுக்கு நேரம் அதிகம், ஆகவே பின்தங்கிவிடுவோம். முந்த வேண்டுமென்றால் முதலில் வேகத்தைத் தணித்துக் கீழே இறங்க வேண்டும். ஏட்டில் எல்லாரும் அறிந்ததுதான். கையால் அறிந்தது அன்றுதான். அதே பயணத்தில், ஜூன் 3 அன்று, எட்வர்டு வைட் கலத்தை விட்டு வெளியே வந்து மிதந்தார். நாளேடுகள் அந்தப் படத்தை வெளியிட்டன. சந்திப்பில் நேர்ந்த தோல்வியை யாரும் பொருட்படுத்தவில்லை. அந்தத் தோல்வியின் பயன், ஆறு மாதம் கழித்து டிசம்பர் 15 அன்று தெரிந்தது. ஜெமினி 6, ஜெமினி 7 இரண்டும் ஓர் அடி இடைவெளி வரை நெருங்கி, மணிக்கணக்கில் ஒன்றாகவே பறந்தன. 1966 மார்ச் 16 அன்று ஜெமினி 8இல் ஆம்ஸ்டிராங்கும் டேவிட் ஸ்காட்டும் ஆளில்லாக் கலம் ஒன்றோடு இணைந்தார்கள். சிறிது நேரத்தில் ஓர் எந்திரம் நிற்காமல் எரிந்து, கலம் நொடிக்கு ஒரு சுற்று வீதம் சுழன்றது. பார்வை மங்கத் தொடங்கிய நிலையில் ஆம்ஸ்டிராங் அதை அடக்கினார். நிலவுக்கு அவர் போனதை அறிந்தவர்கள் கோடிக்கணக்கானோர். இதை அறிந்தவர்கள் எத்தனை பேர்?

விண்வெளி நடையும் அப்படியே. வைட் மிதந்தார், மகிழ்ந்தார். ஆனால் வேலை எதுவும் செய்யவில்லை. 1966 ஜூனில் யூஜின் செர்னன் வேலை செய்ய முயன்றபோதுதான் சங்கடம் தெரிந்தது. எடையற்ற நிலையில் திருகாணியைத் திருகினால் நாமும் எதிர்ப்புறம் திருகப்படுவோம். இரண்டு மணி நேரம் போராடினார். முகக் கவசம் ஆவி படிந்து கண் தெரியாமல் போயிற்று. வேலையை முடிக்காமலேயே திரும்பினார். நவம்பரில் ஜெமினி 12இல் பஸ் ஆல்டிரின் வெற்றி கண்டார். செய்தது பெரிய மாயம் ஒன்றுமில்லை. பிடித்துக்கொள்ளக் கைப்பிடிகள், காலை மாட்டிக்கொள்ளத் தாங்கிகள், தரையில் நீருக்கு அடியில் ஒத்திகை. இன்றும் விண்வெளி நிலையத்தில் வேலை செய்ய வெளியே போகிறவர்கள் நீருக்கு அடியில்தான் பழகுகிறார்கள். கைப்பிடிக்கு அட்டவணையில் இடமில்லை.

தெரஷ்கோவாவின் வரிக்கு வருகிறேன். 1963 ஜூனில் அவர் 48 சுற்றுகள், ஏறக்குறைய 71 மணி நேரம் தனியே பறந்தார். அதுவரை பறந்த ஆறு அமெரிக்கர்களின் மொத்த நேரத்தையும் கூட்டினாலும் அதைவிடக் குறைவு. பெருமைக்குரிய வரிதான். ஆனால் அவரோடு பயிற்சி பெற்ற மற்ற நான்கு பெண்கள் ஒருவர்கூட விண்வெளியைப் பார்க்கவில்லை. 1969இல் அந்தக் குழுவே கலைக்கப்பட்டது. அடுத்த பெண் சுவெத்லானா சவீத்ஸ்கயா சென்றது 1982இல், 19 ஆண்டுகள் கழித்து. அதுவும் அமெரிக்கா தன் முதல் வீராங்கனையை அனுப்ப ஆயத்தமாகிக்கொண்டிருந்தபோது. அமெரிக்கக் கதையும் மெச்சத் தக்கதல்ல. அங்கே 13 பெண்கள் மருத்துவச் சோதனைகளில் தேறினார்கள்; ஜெட் விமானச் சோதனை ஓட்டியாக இருக்க வேண்டும் என்ற விதியைக் காட்டி அவர்களை ஒதுக்கினார்கள். அந்த வேலையோ அன்று பெண்களுக்குத் திறக்கப்படவே இல்லை. வரி ஒன்று கிடைத்ததும் ஒரு நாடு கதவை மூடியது. வரி கைநழுவியதும் மற்ற நாடு கதவைத் திறக்கவே முயலவில்லை.

இந்த அட்டவணை மனப்பான்மை கலையிலும் புகுந்தது. பிலிப் காஃப்மன் 1983இல் எடுத்த ‘தி ரைட் ஸ்டஃப்’ என்ற அமெரிக்கப் படம், டாம் வுல்ஃப் 1979இல் எழுதிய நூலைத் தழுவியது. ஒலியை மிஞ்சிப் பறந்த சக் யேகரிலிருந்து மெர்க்குரி வீரர்கள் வரை மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடும் நல்ல படம். தன் நாட்டு விளம்பரக்காரர்களை அது கேலி செய்யும் விதம் மிகச் சுவையானது. ஆனால் அந்தப் படத்தில் சோவியத் தரப்பு, ஒருவர் நடைவழியில் ஓடிவந்து சொல்லும் செய்தியாகவே பெரும்பாலும் வருகிறது. எதிரி அங்கே மனிதராக இல்லை. அட்டவணையில் இன்னொரு வரி ஏறிவிட்டது என்ற அச்சமாக இருக்கிறார். இதைவிடப் பெரிய குறை கஸ் கிரிசத்தைக் காட்டிய விதம். 1961 ஜூலை 21 அன்று கடலில் இறங்கிய அவருடைய கலத்தின் கதவு வெடித்துத் திறந்து, கலம் மூழ்கியது. அவர் பதறிப்போய்த் தாமே திறந்திருப்பார் என்று படம் எண்ண வைக்கிறது. மறு ஆண்டு வால்டர் ஷிரா தம் கதவின் விசையை வேண்டுமென்றே அழுத்தியபோது அது எகிறிக் கையில் காயம் ஏற்படுத்தியது. கிரிசத்தின் கையில் அத்தகைய காயம் இல்லை. படம் எடுக்கும்போது இந்தச் சான்று இருந்தது. தம் பக்கத்தைச் சொல்லக் கிரிசம்தான் இல்லை.

அவர் 1967 ஜனவரி 27 அன்றே இறந்துவிட்டார். அப்பல்லோ கலத்தில் தரையில் நடந்த ஒத்திகையின்போது தீப்பற்றி அவரும், எட்வர்டு வைட், ராஜர் சாஃபி ஆகியோரும் மாண்டார்கள். கூண்டில் நிரப்பியிருந்தது தூய ஆக்சிஜன், அதுவும் வெளிக்காற்றைவிடக் கூடிய அழுத்தத்தில். கதவோ உட்புறமாகத் திறப்பது. உள்ளே அழுத்தம் ஏறியதும் யாராலும் திறக்க முடியாதது. மாஸ்கோவில் இதற்கு முன்பே, 1961 மார்ச் 23 அன்று, வாலன்டின் பொந்தரென்கோ என்ற 24 வயதுப் பயிற்சி வீரர் ஆக்சிஜன் மிகுந்த அறையில் தீக்கிரையானார். அந்தச் சாவு 1986 வரை மறைக்கப்பட்டது. அதைச் சொல்லியிருந்தால் அமெரிக்கர் மூவரும் பிழைத்திருப்பார்கள் என்று எழுதுவோர் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. தூய ஆக்சிஜனில் தீ எப்படிப் பாயும் என்பது அமெரிக்கப் பொறியாளர்களுக்குத் தெரியாததல்ல. அறிவு இருந்தது, நிதானம் இல்லை. மூன்று மாதம் ஆகவில்லை, ஏப்ரல் 24 அன்று சோயுஸ் 1 பாராசூட்டு விரியாமல் மோதிக் கொமரோவ் இறந்தார். அந்தக் கலத்தின் ஆளில்லாச் சோதனைகளில் ஒன்றுகூடப் பழுதின்றி முடிந்திருக்கவில்லை. கம்பளிச் சட்டையோடு போய்ப் பத்திரமாகத் திரும்பிய அதே கொமரோவ்தான்.

நிலவுப் போட்டி என்று ஒன்று இருந்ததையே சோவியத் அரசு 1989 வரை ஒப்புக்கொள்ளவில்லை. அதன் மாபெரும் என்-1 ராக்கெட்டு 1969க்கும் 1972க்கும் இடையே நான்கு முறை ஏவப்பட்டு நான்கு முறையும் அழிந்தது. வென்றால் வரி, தோற்றால் வெற்றிடம். அமெரிக்கத் தரப்பிலும் அட்டவணைக்குள் அடங்காத ஒன்று உண்டு. நிலவுக்கு மனிதரை அனுப்புவோம் என்று 1961 மே 25 அன்று அறிவித்த அதே கென்னடி, 1963 செப்டம்பர் 20 அன்று ஐ.நா. பொதுச் சபையில், இரு நாடுகளும் சேர்ந்தே நிலவுக்குப் போகலாமே என்றார். இரண்டு மாதத்தில் அவர் கொல்லப்பட்டார். அந்தப் பேச்சு அதோடு நின்றது.

சேர்ந்து போனது பன்னிரண்டு ஆண்டு கழித்துத்தான், நிலவுக்கு அல்ல. 1975 ஜூலை 17 அன்று அப்பல்லோ கலமும் சோயுஸ் கலமும் பூமிக்கு மேலே இணைந்தன. சோயுசின் தலைவர் லியோனவ். அப்பல்லோவின் தலைவர் தாமஸ் ஸ்டாஃபர்டு. ஒன்றில் சாதாரணக் காற்று, மற்றதில் குறைந்த அழுத்தத்தில் தூய ஆக்சிஜன். நேரே கதவைத் திறந்தால், குழாய்க்குள் லியோனவ் அஞ்சிய அதே நைட்ரஜன் குமிழி இங்கும் வரும். ஆகவே இடையே ஓர் அறை வைத்தார்கள். சோயுசும் தன் அழுத்தத்தை மூன்றில் இரண்டு பங்காகக் குறைத்துக்கொண்டது. இணைப்புக் கருவியில்தான் உண்மையான சிக்கல் வந்தது. அதுவரை இருந்த முறையில் ஒரு கலம் துளைக்கும், மற்றது துளைபடும். எந்த நாடு துளைபடுவது? விளாதிமிர் சிரொமியாத்னிகோவ் என்ற சோவியத் பொறியாளரும் அமெரிக்கப் பொறியாளர்களும் சேர்ந்து இரு புறமும் ஒரே மாதிரியான கருவியை அமைத்தார்கள். எந்தப் பக்கம் வேண்டுமானாலும் முன்வந்து பிடிக்கலாம், எந்தப் பக்கம் வேண்டுமானாலும் பிடிபடலாம். முதல் இணைப்பில் அப்பல்லோவின் கருவி முன்வந்து பிடித்தது. இரண்டு நாள் கழித்துப் பிரிந்து மீண்டும் ஒருமுறை இணைந்தபோது, சோயுசின் கருவி முன்வந்தது.